மாஸ்டருக்குக் கஞ்சி

அப்பாவின் முகத்துக்கு அச்சு எடுத்தார்கள். வெந்நீரில் போட்டு இளக்கிய, வலைபோல ஓட்டைகள் கொண்ட பிளாஸ்டிக் தகடு ஒன்றை முகத்தின்மேல் வைத்து அழுத்தினார்கள். மூக்கு, தாடை, கன்னம் என்று எல்லா மேடுபள்ளங்களையும் வாங்கிக்கொண்டு அது இறுகியது. வாய்ப் புற்றுக்குத் தினமும் கரண்ட் வைக்கும்போது, அதாவது கதிர் பாய்ச்சும்போது, தலை அசையக்கூடாது. அதற்காக அந்த அச்சை முகத்தில் கவிழ்த்து மேஜையோடு பூட்டிவிடுவார்கள். முதல் நாள் பூட்டியபோது அப்பாவின் கால்விரல்கள் மடங்கி மடங்கி விரிந்ததைக் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நின்று பார்த்தேன்.

வெளியே வந்ததும் சிஸ்டர் என்னைத் தனியே அழைத்தாள். அம்மாவை அழைக்கவில்லை. மலையாளம் நன்றாகத் தெரிந்தவள் நான்தான் என்று முதல் நாளே கண்டுகொண்டிருந்தாள்.

"மோளே, இப்போ இது டைட். அச்சன் மெலிஞ்சா லூஸாகும். லூஸானா கரண்ட் நிறுத்தும். பின்னே வேற அச்சு எடுக்கணும், அதுக்குள்ள அசுகம் கூடும். அதுகொண்டு எடை குறையாம நோக்கணும். வாய்வழி கழிக்கான் பற்றலென்னா மூக்குல ட்யூப். மனசிலாயோ?"

புரிந்தது. மெலிந்தால் அச்சு தளரும், கரண்ட் நிற்கும், வேறு அச்சு எடுப்பதற்குள் நோய் கூடும். அப்பா மெலியக்கூடாது. வாயால் சாப்பிட முடியாமல் போனால் மூக்கு வழியாகக் குழாய் போடுவார்கள். ஆனால் கரண்ட் வைக்கத் தொடங்கிச் சில நாட்களிலேயே வாய் முழுக்கப் புண்ணாகும் என்றும், எச்சில் வற்றும் என்றும் அவளே சொன்னாள். வாயைப் புண்ணாக்கிவிட்டு, வாயால் சாப்பிட வை என்கிறார்கள். அந்த வேலை எனக்கு வந்தது.

குழாயை அப்பா வார்டில் பார்த்திருந்தார். பக்கத்துக் கட்டில்காரருக்கு மூக்கில் குழாய் செருகி, நெற்றியில் பிளாஸ்திரி ஒட்டி, புனல் வைத்து ஊற்றிக்கொண்டிருந்தார்கள்.

"மூக்கால திங்கிறதுக்கு நான் என்ன யானையா?" என்றார் பஸ்ஸில் வரும்போது. "கேட்டியா மக்கா, எனக்கு அது மட்டும் வேண்டாம். ஊருக்கெல்லாம் வாய்க்கு ருசியாப் போட்டவன் நான். என் வாயக் கழட்டி வச்சிட்டு இருக்க என்னால முடியாது."

ஊருக்கெல்லாம் போட்டவர் என்பது உண்மை. சாலை என்று பெயர் கொண்ட கடைவீதிக்கு அருகே ஒரு ஹோட்டலில் அப்பா புரோட்டா மாஸ்டர். அவருக்குப் பெயர் இருப்பதே அங்கே பலருக்குத் தெரியாது. முதலாளி முதல் டேபிள் துடைப்பவர் வரை மாஸ்டர் என்றுதான் கூப்பிடுவார்கள். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து மீசை முளைக்காத வயதில் வந்து, மாவு பிசைந்து, பிறகு புரோட்டாக் கல்லுக்கு ஏறியவர். அடுப்பு வெக்கைக்கு முன்னால் நிற்பவர்கள் கன்னத்தில் புகையிலை ஒதுக்கிக்கொள்வது வழக்கம். தாகமும் தெரியாது, பசியும் தெரியாது என்பார்கள். புண் வந்ததும் அதே இடத்தில்தான்.

நாங்கள் கரமனையில், ஆற்றுக்கு இறங்கும் சந்தில் ஒரு லைன் வீட்டில் குடியிருந்தோம். அதே கரமனையில் அக்ரஹாரத் தெருக்கள் உண்டு. அவர்களும் தமிழர்கள்தான். ஆனால் அவர்கள் தமிழ் வேறு, எங்கள் தமிழ் வேறு. கோயில் திருவிழாவுக்குக்கூட நாங்கள் வேறு வரிசை. வீட்டிலிருந்தபடியே அம்மா ஹோட்டலுக்கு வெங்காயமும் பூண்டும் உரித்துக் கொடுப்பாள். காலையில் மூட்டை வரும், சாயங்காலம் உரித்த குண்டான் போகும். என் பாடப்புத்தகங்களுக்கும் எங்கள் துணிகளுக்கும் ஒரே வாசம்.

அப்பா பக்கத்திலும் அம்மா பக்கத்திலும் பள்ளிக்கூடத்துக்குள் கால் வைத்த முதல் ஆள் நான். படித்தது மலையாளப் பள்ளியில். தமிழ் எழுத்தை எனக்கு யாரும் சொல்லித்தரவில்லை. சொல்லித்தர வீட்டில் ஆளில்லை. வெங்காய மூட்டைக்கு மேல் மூடி வரும் பழைய தமிழ்ப் பத்திரிகைத் தாள்களை வைத்துக்கொண்டு, படத்துக்குக் கீழே என்ன எழுதியிருக்கும் என்று ஊகித்து ஊகித்து நானே பிடித்தேன். இதை அடக்கமாகச் சொல்ல எனக்குத் தெரியாது. அப்பாவுக்கு நோய் வந்த வருஷம் நான் ப்ரீ டிகிரி முடித்து டிகிரி முதல் வருஷத்தில் இருந்தேன். கல்லூரிக்குப் போவதை நிறுத்திவிட்டுக் காலையில் அவரோடு ஆஸ்பத்திரிக்குப் போனேன்.

இரண்டாம் வாரம் வாய் வெந்துவிட்டது. உதட்டின் உள்புறம் தோல் உரிந்து வெள்ளை வெள்ளையாகத் தொங்கியது. அம்மா இட்லியைப் பாலில் கரைத்தாள். முகம் சுளித்தார். ரசஞ்சோறு ஒரு வாய் வைத்ததும் தலையைச் சுவரில் முட்டிக்கொண்டார். புளி எரிந்திருக்கிறது. ஹோட்டலிலிருந்து வந்த ஆட்டுக்கால் சூப்பில் மிளகு இருந்தது. எல்லாவற்றையும் தட்டோடு தள்ளிவிட்டு, தண்ணீரையே பயந்து பயந்து குடித்தார். ஒரு நாள் கரண்ட் அறையில் அச்சைப் பூட்டிய பையன் சிஸ்டரைத் திரும்பிப் பார்த்தான். அச்சுக்கும் கன்னத்துக்கும் நடுவே அவன் விரல் நுழைந்தது.

அன்று மாலை மதிலுக்கு அப்பாலுள்ள மலையாளி வீட்டுச் சேச்சி வந்தாள். அவளுக்கும் எங்களுக்கும் அதுவரை மதிலுக்கு மேலே கருவேப்பிலை கொடுத்து வாங்குகிற பழக்கம்தான். முதல் தடவையாக வாசலைச் சுற்றி வந்து நின்றாள். கையில் எவர்சில்வர் தூக்குப்பாத்திரம்.

"பொடியரிக் கஞ்சியும் செறுபயறும். எரிவு ஒண்ணுமில்ல. அண்ணனுக்குக் கொடு மோளே."

நொய்யரிசிக் கஞ்சி, காரமில்லாமல் வேகவைத்த சிறுபயறு. அவ்வளவுதான். மூடியைத் திறந்ததும் சூடான ஆவியோடு தேங்காய் வாசனை வந்தது. கட்டிலில் படுத்திருந்த அப்பா வாசலைப் பார்த்தார், பாத்திரத்தைப் பார்த்தார். பிறகு சுவர் பக்கம் திரும்பிக்கொண்டார்.

சேச்சி போன பிறகு பேசினார். வாய் அசைத்துப் பேசுவது அவருக்கு வேதனை. அதனால் எச்சில் விழுங்கி விழுங்கிப் பேசினார்.

"நான் இன்னும் சாகல. அவகிட்ட போய்ச் சொல்லு."

"என்னப்பா பேச்சு இது?"

"அதுக்குள்ள கொண்டாந்துட்டா பாரு. பொணத்த எடுத்த பொறவுல்லா இதக் குடுப்பாங்க?"

அம்மா தூக்குப்பாத்திரத்தை எடுத்துக்கொண்டு போய் வாசலுக்கு வெளியே, கொடிக்கயிற்றுக்குக் கீழே வைத்தாள். "இத உள்ள வைக்காத," என்றாள் என்னிடம். "வந்தவ மூஞ்சிய நான் சரியாப் பாக்கல. அழுதிருந்தாளா?"

எனக்குச் சிரிப்பு வந்தது, பிறகு வரவில்லை. ஏனென்றால் எனக்கு அப்போதுதான் விளங்கியது.

அப்பா அந்த ஊரில் இருபது வருஷத்துக்கு மேல் இருந்தவர். மலையாளம் பேசுவார், பஸ் போர்டு படிப்பதைத் தவிர எல்லாம் தெரியும். ஆனால் ஒரு மலையாளி வீட்டுக்குள் சாதாரண நாளில், சாதாரணச் சாப்பாட்டு நேரத்தில் அவரை யாரும் வா என்று அழைத்ததில்லை. அழைத்ததெல்லாம் சாவுக்கு. அக்கம்பக்கத்தில் யார் செத்தாலும் முதலாளி அப்பாவை அனுப்புவார். பக்கத்து வீட்டு முற்றத்தில் பெரிய அடுப்பு கூட்ட, வார்ப்பு என்கிற பெரிய அண்டா தூக்க, பந்தல் கட்ட. சாவு வீட்டில் அடுப்பு எரியாது. பிணம் போன பிறகு பக்கத்து வீடுகளிலிருந்து கஞ்சியும் பயறும் வரும். வந்தவர்கள் எல்லோரும் முற்றத்தில் உட்கார்ந்து குடித்துவிட்டுப் போவார்கள். அப்பாவும் மதிலோரம் நின்று குடித்திருக்கிறார். இத்தனை வருஷத்தில் இந்தச் சாப்பாட்டை அவர் பார்த்தது சாவு வீட்டில் மட்டும்தான். கல்யாணத்துக்கு விருந்து போல, சாவுக்குக் கஞ்சியும் பயறும் என்று அவர் மனதில் பதிந்துபோயிருந்தது. இந்த ஊரில் பாதி வீடுகளில் தினமும் ராத்திரிச் சாப்பாடே அதுதான் என்பது அவருக்குத் தெரியாது. அம்மாவுக்கும் தெரியாது. எனக்குத் தெரியும். நான் பள்ளிக்கூடம் போனவள்.

கட்டில் விளிம்பில் உட்கார்ந்தேன்.

"அப்பா, நான் ஏழாம் கிளாஸ் வரைக்கும் இதத்தான் தின்னேன்."

தலை திரும்பியது.

"ஸ்கூல்ல மத்தியானம் எல்லாருக்கும் இதுதான். கஞ்சியும் பயறும். தெனமும். டீச்சருங்க வீட்டுலயும் இதுதான். அந்தச் சேச்சி வீட்டுலயும் ராத்திரி இதுதான். யாரும் சாகல."

"அப்ப நான் கட்டிக் குடுத்த புரோட்டா?"

"அத ஃப்ரெண்ட்ஸு பிடுங்கித் தின்னுருவாளுவ. அவளுவ பங்குக் கஞ்சியும் எனக்கு வரும். மாஸ்டர் புரோட்டாவுக்கு அவ்வளவு கிராக்கி. ஒரு புரோட்டாவுக்கு ரெண்டு தட்டு பயறு."

அப்பா சிரித்துவிட்டார். சிரித்ததில் உதடு பிளந்து ரத்தம் வந்தது. தோளில் கிடந்த துண்டால் அழுத்திக்கொண்டே கேட்டார். "என் புரோட்டாவ வித்தா நீ பயறு தின்ன?"

"ஆமா. அதுல வளந்த உடம்புதான் இது."

அவர் என்னை மேலிருந்து கீழாகப் பார்த்தார். சந்தையில் ஆட்டைப் பார்ப்பதுபோல. பிறகு, "அப்ப நீ செய்யி," என்றார். "நம்ம வீட்டு அடுப்புல செய்யி. வெளியிலேருந்து தூக்குல வந்தா எனக்கு எறங்காது."

இதைச் சாப்பிட்டதைத் தவிர, செய்து எனக்குப் பழக்கமில்லை என்பதை நான் சொல்லவில்லை. ஆனால் பள்ளியில் கஞ்சிப்புரை என்கிற சமையல் கொட்டகையின் ஜன்னல் வழியே எத்தனையோ நாள் பார்த்திருக்கிறேன். முதலில் பயறை ஊறவைத்தேன். ஊறியதும் இரண்டு கையாலும் தேய்த்துத் தொலியைக் கழுவிக் களைந்தேன். தொலி ஒன்று ஒட்டிக்கொண்டாலும் அவர் வாய்ப்புண்ணில் போய் உட்காரும். பச்சை மிளகாய் இல்லை, கடுகு இல்லை, தாளிப்பு இல்லை. சீரகத்தை முழுதாகப் போட முடியாது, குத்தும். துணியில் முடிந்து வேகும்போது உள்ளே போட்டு, பிறகு எடுத்தேன். வெந்ததைக் கரண்டியின் முதுகால் மசித்து, தேங்காயைத் துருவலாகப் போடாமல் பால் பிழிந்து விட்டேன்.

கஞ்சிக்கு அம்மாவோடு சண்டை. எங்கள் வீட்டில் சோறு வடிப்பார்கள். வடித்த தண்ணீர் சந்துமுனை வீட்டு மாட்டுக்குப் போகும். தண்ணீரும் பருக்கையுமாக மனிதருக்கு வைப்பது அம்மாவுக்கு ஆகவில்லை.

"மாட்டுக்கு ஊத்துறத மனுசனுக்கு ஊத்துதியே!"

"சத்தெல்லாம் அதுலதான் இருக்கு. இவ்வளவு நாளும் மாடுதான் நல்லா இருந்திருக்கு."

"காலேஜுல இதத்தான் படிக்கியா?"

"ஆமா."

சேச்சியிடம் மதிலுக்கு மேலே சிவப்பு நொய்யரிசி வாங்கிக்கொண்டேன். அது வேக நேரம் எடுத்தது. அரிசி உடைந்து, தண்ணீர் கெட்டியாகி, சந்தன நிறத்தில் கொதித்துக்கொண்டிருந்தது. உப்புப் போடவில்லை. ஆற வைத்து, பயறைக் கலந்து, ஸ்பூனில் எடுத்து அவர் உதட்டில் வைத்தேன்.

அலறினார். சூடு இல்லை, உப்பு இல்லை, காரம் இல்லை. ஸ்பூன்தான். எவர்சில்வர் விளிம்பு வெந்த தோலில் பட்டதும் அவருக்குத் தாங்கவில்லை. "இரும்பு மாதிரி கசக்குது," என்றார் பிறகு. கரண்ட் வைத்த வாய்க்கு உலோகம் கசக்கும் என்று பின்னால் தெரிந்துகொண்டேன். மர ஸ்பூன் தடிமன். பிளாஸ்டிக் ஸ்பூனும் விளிம்பு குத்தியது. டம்ளரில் குடிக்க, வாயைத் திறக்கும் அளவு குறுகிப்போயிருந்தது.

அம்மா என் கையிலிருந்த கிண்ணத்தைப் பார்த்து, "இனி என்ன செய்ய?" என்றாள். அதில் சண்டை இல்லை. பயம் இருந்தது.

நான் வெளியே போய்ச் சேச்சி வீட்டு மதிலில் எம்பி, பலா மரத்திலிருந்து பழுத்தும் பழுக்காத இலை நாலைந்து பறித்தேன். பள்ளியில் ஸ்பூன் கிடையாது. மழைக்காலத்தில் கஞ்சி சூடாக வரும்போது பெண்கள் எல்லோரும் பலா இலையைக் கூம்பாக மடித்து, தென்னை ஈர்க்குச்சியால் ஒரு குத்துக் குத்தி, அதில் மொண்டு குடிப்போம். கைகளுக்கு அது மறக்கவில்லை. இலையைக் கழுவி, மடித்து, குச்சியைக் குத்தி, துருத்திய முனையைக் கத்தரியால் வெட்டிவிட்டேன்.

அப்பா இலையைப் பார்த்தார். வாயைத் திறந்தார், கொஞ்சம். இலை வழவழவென்று உள்ளே போய்ச் சாய்ந்தது. கஞ்சி இறங்கியது. கண்ணில் நீர் வந்தது. ஆனால் தள்ளவில்லை. இன்னொரு முறை வாயைத் திறந்தார். கிண்ணம் காலியாக வெகுநேரம் ஆயிற்று. இடையில் இரண்டு இலை மாற்றினேன். அம்மா அடுப்படியில் வெங்காயம் உரித்துக்கொண்டே மூக்கை உறிஞ்சிக்கொண்டிருந்தாள். வெங்காயம் என்று சொல்வாள்.

அந்தக் கஞ்சி வாரக்கணக்கில் அவரைப் பிடித்து நிறுத்தியது. அச்சுக்கும் கன்னத்துக்கும் நடுவே விரல் நுழைந்த இடைவெளி அதற்குமேல் அகலவில்லை. சிஸ்டர் எடை மெஷினைப் பார்த்து, "எந்தா கொடுக்குன்னது?" என்று கேட்டாள். சொன்னேன். "மிடுக்கி," என்றாள். அந்த ஊரில் கெட்டிக்காரியை அப்படித்தான் சொல்வார்கள். அதை நான் அம்மாவுக்கு இரண்டு முறை மொழிபெயர்த்தேன்.

ஆனால் கரண்ட் முடிய இன்னும் நாள் இருந்தபோது தொண்டை வீங்கிவிட்டது. ஒரு காலையில் கஞ்சி இறங்காமல் மூச்சுக்குழலுக்குள் போய், அப்பா நீலம் பாரித்துக் கட்டிலிலிருந்து சரிந்தார். முதுகில் அறைந்து அறைந்து என் உள்ளங்கை எரிந்தது. பலா இலை தரையில் கிடந்தது. அன்று ஆஸ்பத்திரியில் குழாயைப் பற்றிப் பேசினார்கள். அப்பா என்னைப் பார்த்தார். வேண்டாம் என்று நான் அவர்களிடம் சொல்லவேண்டும் என்று எதிர்பார்த்தாரா, போடச் சொல் என்று சொன்னாரா, எனக்குத் தெரியவில்லை. போடுங்கள் என்று நான்தான் சொன்னேன். அது சரியென்று இன்றும் நினைக்கிறேன்.

குழாயோடு வீட்டுக்கு வந்த முதல் வேளை, மசித்த பயறையும் கஞ்சியையும் துணியில் வடிகட்டிப் புனலில் ஊற்றப் போனேன். அப்பா என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார். குரல் காற்றாகத்தான் வந்தது.

"என்ன ஊத்துத?"

"கஞ்சிதான். பயறும் இருக்கு."

"ருசி பாத்தியா?"

"நாக்குல படாதுல்ல, மூக்கு வழியா..."

"நீ பாத்தியான்னு கேட்டேன்."

ஹோட்டலில் சால்னா இறங்கினால் முதலில் அப்பாதான் பார்ப்பார். உள்ளங்கையில் கரண்டியால் ஒரு சொட்டு விட்டு நக்குவார். அவர் பார்க்காமல் ஒரு டேபிளுக்குப் போகாது. நான் உள்ளங்கையில் விட்டு நக்கினேன்.

"நல்லா இருக்கு."

தலையை ஆட்டினார். இல்லை என்று. "நல்லாருக்குன்னு சொல்லுதவன் கஸ்டமரு. மாஸ்டரு என்ன குறையுதுன்னு சொல்லணும்."

திரும்ப நக்கினேன். "உப்பு இல்ல."

"போடு."

"உங்களுக்கு..."

"இனி எரியாதுல்லா? வாய்தான் இல்லையே. போடு."

போட்டேன். திரும்ப நக்கினேன். தேங்காய்ப்பால் தண்ணியாக இருக்கிறது என்றேன். நாளைக்குக் கெட்டியாகப் பிழி என்று விரலைக் காட்டினார். அதன் பிறகுதான் என் மணிக்கட்டை விட்டார்.

அன்றிலிருந்து ஒவ்வொரு வேளையும் இதுதான். நான் அவர் எதிரே உட்கார்ந்து, உள்ளங்கையில் விட்டு, நக்கி, குறை சொல்ல வேண்டும். குறை இல்லை என்றால் நம்பமாட்டார். பொய்க் குறை சொன்னாலும் முகத்தைப் பார்த்துக் கண்டுபிடித்துவிடுவார். வடிகட்டிய பிறகு துணியில் நிற்கும் பயறை நான் அவர் முன்னாலேயே சாப்பிடவேண்டும். மெல்லுவதைப் பார்த்துக்கொண்டே இருப்பார். என் தாடையையும் தொண்டையையும். சில நாள் எனக்கு விழுங்கவே முடியாது. ஆனாலும் விழுங்குவேன். அவர் தொண்டை மேட்டில் ஏதோ அசைவதைப் பார்ப்பேன்.

கரண்ட் முடிந்தது. அச்சை வீட்டுக்குக் கொடுத்துவிட்டார்கள். அம்மா அதை வெங்காய மூட்டைகளுக்குப் பின்னால் ஒளித்துவைத்தாள். அதில் இருந்தது மெலிவதற்கு முந்திய அப்பாவின் கன்னம். குழாயும் ஒரு நாள் வெளியே வந்தது. கொஞ்ச நாள் இலையில், பிறகு டம்ளரில் குடித்தார். ஹோட்டலுக்குப் போய்க் கல்லின் பக்கத்தில் நின்றார். வெக்கை தாங்காமல் திரும்பி வந்தார். நான் கல்லூரிக்குத் திரும்பினேன்.

மழை தொடங்கியபோது கழுத்தில் கட்டி தெரிந்தது.

டாக்டர் என்னிடம் ஆங்கிலத்தில் பேசினார். பக்கத்தில் அம்மாவும் அப்பாவும் இருந்ததால்தான் ஆங்கிலம். சின்ன வாக்கியங்கள். எல்லாம் எனக்குப் புரிந்தன. எங்கள் குடும்பத்தில் எனக்கு மட்டும்தான் புரியும் என்பதால் அந்த அறையில் அவற்றைச் சுமக்க வேறு யாரும் இல்லை. படித்தவள் என்ற பெருமைக்கு அன்று நான் கொடுத்தது அதுதான்.

வெளியே வந்ததும் அம்மா கேட்டாள். "என்னட்டி சொன்னாரு?"

"இனி கரண்ட் வேண்டாமாம்."

அம்மாவின் முகம் மலர்ந்தது. "வேண்டாமா? அப்ப குணமாயிட்டா?" என்று அப்பாவின் கையைப் பிடித்தாள்.

அப்பா அவளைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தார். நான் குறை சொல்லும்போது பார்ப்பாரே, அதே பார்வை. பிறகு அவளிடம் திரும்பி, "ஆமா. வேண்டாமாம். பஸ்ஸு வருது, நட," என்றார்.

அன்று வீட்டுக்கு வந்ததும் பயறு செய்யச் சொன்னார். நோயாளிப் பயறு இல்லை. "உங்க ஸ்கூல்ல எப்படி இருக்கும்? அந்த மாதிரி." தொலியோடு, தேங்காய்த் துருவல், பூண்டு, வற்றல் மிளகாய் கிள்ளிப் போட்டுத் தாளித்தேன். அம்மா தும்மினாள். சந்து முழுக்க வாசனை. அவரால் ஒரு பயறுகூட வாயில் வைக்க முடியாது, எங்கள் மூன்று பேருக்கும் தெரியும். தட்டில் கஞ்சியை ஊற்றி, பயறை ஓரமாக வைத்து, அவர் எதிரே உட்கார்ந்து சாப்பிட்டேன்.

"எப்படி?"

"காரம் கொஞ்சம் கூடிப்போச்சு. பயறு இன்னும் ஒரு கொதி வெந்திருக்கலாம்."

"பரவால்ல," என்றார். "ஒரு தட்டுக்கு ரெண்டு புரோட்டா தரலாம்." பிறகு, "விலைய மாத்திச் சொல்லுதேனோ?" என்றார்.

அம்மாவையும் உட்காரச் சொன்னார். அம்மா அதுவரை ஒரு வாய்கூட அதைத் தொட்டதில்லை. சாவு வீட்டுச் சாப்பாடு என்பது அவள் மனதிலிருந்து போகவில்லை. "எனக்கு வேண்டாம், இன்னொரு நாளு," என்று எழுந்து போனாள்.

அப்பா ஒரு மத்தியானத்தில் போனார். மழை விட்டிருந்தது. ஹோட்டலை மூடிவிட்டு எல்லோரும் வந்தார்கள். ஊரிலிருந்து சித்தப்பாக்கள் பஸ் பிடித்து வர மாலையாயிற்று. கல்லுக்கு முன் நின்றவரை அவர் கூட நின்றவர்களே தூக்கிக்கொண்டு போனார்கள். வீடு கழுவிவிட்டு நாங்கள் ஈரத்தோடு உட்கார்ந்திருந்தோம். அடுப்பு எரியவில்லை.

சேச்சி வந்தாள். அதே தூக்குப்பாத்திரம், கூடவே ஒரு பெரிய குண்டான். பின்னால் அவள் வீட்டுக்காரர் தட்டுகளோடு. மூடியைத் திறந்ததும் தேங்காயும் ஆவியும் வந்தன. சின்னச் சித்தப்பா எட்டிப் பார்த்து, "என்ன இது, கஞ்சியா? எங்க அண்ணன் சாவுக்குக் கஞ்சி ஊத்துதாங்களே!" என்றார்.

"இந்த ஊரு வழக்கம் சித்தப்பா," என்றேன். "நல்ல சாப்பாடு. உக்காருங்க."

சேச்சி எனக்கு ஒரு கிண்ணத்தில் ஊற்றினாள். பயறைக் கலந்தேன். பசி இருக்கிறதா என்று எனக்குத் தெரியவில்லை. கை அதன் வழக்கப்படி கரண்டியை எடுத்து இடது உள்ளங்கையில் ஒரு சொட்டு விட்டது. நக்கினேன். கட்டில் கிடந்த மூலையைப் பார்த்து, "உப்பு கொஞ்சம் குறைச்சல்," என்றேன்.

சத்தமாகவே சொல்லிவிட்டேன். சேச்சி திகைத்து நின்றாள். சித்தப்பாக்கள் தலை குனிந்துகொண்டார்கள். மூலையில் கட்டில் இல்லை, தூக்கி வெளியே வைத்திருந்தார்கள். ஈரத் தரையில் அதன் நாலு கால் தடம் மட்டும் இருந்தது.

அம்மா எழுந்தாள். எரியாத அடுப்புக்குப் பக்கத்திலிருந்து உப்பு ஜாடியை எடுத்து வந்து என் கிண்ணத்தில் ஒரு சிட்டிகை போட்டாள். பிறகு சேச்சியின் கையிலிருந்து ஒரு தட்டை வாங்கி, அதிலும் ஒரு சிட்டிகை போட்டுக்கொண்டு, என் பக்கத்தில் உட்கார்ந்து குடிக்கத் தொடங்கினாள்.